ஓஇடி என்ற ஆங்கிலத் தேர்வை முடித்து ஸ்காட்லாந்துக்கு வரும் செவிலியர்களுக்கு: நோயாளியின் பேச்சுக்குக் காதைப் பழக்குவது எப்படி

"அக்கா, இவங்க பேசுறது இங்கிலீஷ்தானா?" ஊரிலிருந்து புதிதாக வேலைக்கு வரும் பிள்ளைகள் எல்லோரும் ஏதாவது ஒரு இரவு டியூட்டியில் என்னிடம் இதைக் கேட்டுவிடுவார்கள். நான் மார்த்தாண்டம் பக்கத்துக்காரி. இப்போது வேலை பார்ப்பது வடகிழக்கு ஸ்காட்லாந்தில், அபர்டீன்ஷயரில், முதியோர் வார்டில். அந்தக் கேள்விக்குச் சரியான பதில் இதுதான்: சில பேர் பேசுவது இங்கிலீஷ், சில பேர் பேசுவது ஸ்காட்ஸ், பெரும்பாலோர் ஒரே வாக்கியத்துக்குள் இரண்டுக்கும் போய்வருவார்கள். வார்டில் தனித்தனியாக எல்லோருக்கும் சொல்லிச் சொல்லிக் கொடுத்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில் ஒரு எண்ணத்தைக் கழற்றி வைத்துவிட்டு வாருங்கள். எண்பது வயதுப் பாட்டி "அ'ம் நே வீல்" (எனக்கு உடம்பு சரியில்லை) என்றால் அவர் கொச்சையாக இங்கிலீஷ் பேசவில்லை. ஸ்காட்ஸும் இங்கிலீஷும் பழைய ஆங்கிலத்திலிருந்து பிரிந்த இரண்டு கிளைகள். வடக்குக் கிளையிலிருந்து வந்தது ஸ்காட்ஸ். 15-ஆம் நூற்றாண்டில் ஸ்காட்லாந்து நாடாளுமன்றம் சட்டம் எழுதியது இந்த மொழியில்தான். மதச் சீர்திருத்தம் வந்தபோது வேதாகமம் இங்கிலீஷில் வந்தது. 1603-ல் அரசர் லண்டனுக்குப் போனார், 1707-ல் நாடாளுமன்றமும் போனது. எழுத்து இங்கிலீஷுக்கு மாறியது, வீட்டுப் பேச்சு மாறவில்லை. 2022 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஸ்காட்ஸ் பேசுவோம் என்று சொன்னவர்கள் சுமார் 15 லட்சம் பேர். பேசாவிட்டாலும் கேட்டாலோ படித்தாலோ புரியும் என்றவர்களையும் சேர்த்தால் 24 லட்சத்துக்கு மேல். 2025-ல் நிறைவேறிய சட்டம் கேலிக்குக்கும் ஸ்காட்ஸுக்கும் அதிகாரபூர்வ மொழி என்ற நிலையைக் கொடுத்திருக்கிறது. கேலிக் கெல்டிக் கிளையைச் சேர்ந்த வேறு மொழி, அதை இதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், மொழி என்று மதித்தால்தான் கற்றுக்கொள்ள உட்காருவோம். உச்சரிப்புக் கோளாறு என்று நினைத்தால் "பார்டன்?" "சாரி?" என்று திரும்பத் திரும்பக் கேட்டு, உடம்பு முடியாத மனுஷியை நமக்காக மொழிபெயர்க்க வைப்போம். அதைச் செய்யவே கூடாது என்பது என் உறுதியான கருத்து. வலியில் இருப்பவர் தன் வாயில் வரும் முதல் சொல்லைச் சொல்லட்டும். புரிந்துகொள்ளும் உழைப்பு சம்பளம் வாங்கும் நம்முடையது.

ஒலியிலிருந்து தொடங்குங்கள்

புதிதாக வருகிறவர்கள் சொற்பட்டியலை மனப்பாடம் செய்யப் பார்க்கிறார்கள். அது பிறகு. ஸ்காட்ஸில் புரியாத சொற்களில் பெரும் பங்கு உங்களுக்குத் தெரிந்த இங்கிலீஷ் சொல்லேதான், உயிரெழுத்து மட்டும் மாறியிருக்கும். மாற்றம் ஒழுங்காக இருப்பதால் ஐந்தாறு விதி தெரிந்தால் நூற்றுக்கணக்கான சொற்கள் தாமாகத் திறக்கும்.

இங்கிலீஷில் 'அவ்' வரும் இடத்தில் 'ஊ': ஹவுஸ் என்பது ஹூஸ், டவுன் என்பது டூன், அவுட் என்பது ஊட், மவுத் என்பது மூ. 'ஓ' வரும் இடத்தில் பல சொற்களில் 'ஏ': ஹோம் என்பது ஹேம், மோர் என்பது மேர், சோர் என்பது சேர். இந்தக் கடைசிச் சொல்லை இன்றே எழுதி வைத்துக்கொள்ளுங்கள். சேர் என்றால் வலி, உட்காரும் நாற்காலி இல்லை. 'ஹெட்' என்பது ஹீட், 'டெட்' என்பது டீட். ஆக "மா ஹீட்ஸ் சேர்" என்றால் தலைவலி. காய்ச்சல் என்று நினைத்து வெப்பமானியைத் தேடிப் போகாதீர்கள்.

எழுத்தில் ஜி-எச் என்று எழுதி வாயில் சொல்லாமல் விடுகிறோமே, அதை இவர்கள் தொண்டையில் உரசிச் சொல்வார்கள்: நைட் என்பது நிஹ்ட், ரைட் என்பது ரிஹ்ட், எய்ட் என்ற எண் எஹ்ட். வலி பத்துக்கு எத்தனை என்று கேட்டு "எஹ்ட்" என்று பதில் வந்தால் எட்டு. ல் பல இடங்களில் விழுந்துவிடும்: ஆல் என்பது ஆ, ஃபுல் என்பது ஃபூ. வ் கூட விழும்: கிவ் என்பது கீ, ஹேவ் என்பது ஹே. மறுப்புக்கு நம் பகுதியில் 'நே', கிளாஸ்கோ பக்கம் 'நோ'. டோன்ட் என்பது இங்கே டின்னா, அங்கே டின்னே.

அப்புறம் அபர்டீன்ஷயரின் அடையாளம். இந்தப் பக்கத்து ஸ்காட்ஸை டோரிக் என்கிறார்கள். இதில் வாட், வேர், வென், ஹூ எல்லாம் ஃப-வில் தொடங்கும். ஃபிட் என்றால் என்ன, ஃபார் என்றால் எங்கே, ஃபான் என்றால் எப்போது, ஃபா என்றால் யார், ஃபூ என்றால் எப்படி. "ஃபிட் லைக்?" என்பது எப்படி இருக்கிறீர்கள் என்ற விசாரிப்பு. இதில் ஒரு சிக்கல் உண்டு. இதே டோரிக்கில் ஃபுட், அதாவது பாதம், அதுவும் ஃபிட். "ஃபிட்ஸ் ராங் வி யெர் ஃபிட்?" என்றால் உங்கள் காலுக்கு என்ன ஆச்சு. முதல் ஃபிட் கேள்வி, இரண்டாவது ஃபிட் பாதம். இந்த ஒரு வாக்கியத்தைப் பத்து முறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள், டோரிக்கின் கதவு பாதி திறந்துவிடும். ஃபார் என்பதைத் தூரம் என்று எடுத்துக்கொண்டு பிள்ளைகள் தடுமாறுவதைப் பார்த்திருக்கிறேன். "ஃபார்ஸ் மா கிளாசஸ்?" என்று கேட்பவருக்குக் கண்ணாடி எங்கே என்று தெரியவேண்டும், அவ்வளவுதான்.

தமிழ்க் காதுக்கு ஒரு சாதகம் இருக்கிறது, அதை யாரும் சொல்லித் தருவதில்லை. லண்டன்காரர் 'கோ', 'லேட்' என்பதில் உயிரொலியை வளைத்து இரட்டையாக்குவார். ஸ்காட்லாந்தில் அது வளையாது, நம் ஓ, நம் ஏ போல நேராக நிற்கும். கார், ஃபார்ம், பெர்ட் என்பதிலெல்லாம் எழுத்தில் இருக்கும் ர் வாயிலும் வரும், பல பேருக்கு நம் ர போல நாக்கு நுனி தட்டியே வரும். ஆகவே நம் உச்சரிப்பு இந்த ஊர்ப் பெரியவர்களுக்கு அவ்வளவு அந்நியமாகப் படுவதில்லை. லண்டன் உச்சரிப்பைப் போலி செய்யப் போய் அந்த வசதியைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம்.

உடம்பும் நோவும்

இங்கேதான் பட்டியல் வேண்டும், ஏனென்றால் இந்தச் சொற்கள் இங்கிலீஷிலிருந்து ஊகிக்க முடியாதவை. ஆக்ஸ்டர் என்றால் அக்குள். வெப்பமானியை அங்கேதான் வைக்கப் போகிறீர்கள். வைம் என்றால் வயிறு (தெற்கே வேம்), த்ராப்பிள் தொண்டை, லக் காது, குவீட் கணுக்கால். டவுப் என்றால் உட்காரும் இடம், படுக்கைப்புண் பார்க்கும்போது இந்தச் சொல் கட்டாயம் வரும். ஈன் என்றால் கண்கள். டோரிக்கில் ஒன்று என்ற எண்ணும் ஈன்தான், இடம் பார்த்துப் புரிந்துகொள்ள வேண்டும். எலும்பு, அதாவது போன், தெற்கே பேன், இங்கே பீன்.

பெஹ் என்றால் மூச்சு வாங்குவது. "அ'ம் பெஹின்" என்று ஒருவர் சொன்னால் கையில் இருக்கும் வேலையைப் போட்டுவிட்டு ஆக்சிஜன் அளவைப் பாருங்கள். ஹோஸ்ட் என்றால் இருமல். கவுக் என்பதும் போக் என்பதும் ஓங்கரிப்பு. ஸ்கிட்டர்ஸ் பேதி. ஹிர்பிள் நொண்டி நடப்பது. ட்வாம் என்றால் மயக்கம்போல நினைவு தப்பி நிற்பது. சும்மா யோசனையில் ஆழ்ந்திருப்பவரையும் அப்படிச் சொல்வார்கள், ஆனால் விழுந்து அடிபட்டு வந்தவர் சொன்னால் தலைக்காயத்துக்கான கவனிப்பைத் தொடங்குங்கள். பீலி-வாலி என்றால் முகம் வெளிறிப்போய் இருப்பது. மகள் வந்து "ஷீஸ் அஃபா பீலி-வாலி த டே" என்று சொன்னால், தினமும் பார்க்கிறவர் கண்ணில் ஏதோ பட்டிருக்கிறது என்று பொருள். போய்ப் பாருங்கள். ஊசிக்கு ஜாக், மாவுக்கட்டுக்கு ஸ்டூக்கி. சோர்ந்து போனதற்கு மட்டும் வாபிட், ட்ராஹில்ட், ஃபர்ஃபோஹன் என்று அடுக்கடுக்காக வைத்திருக்கிறார்கள், குளிரில் வயல் வேலையும் மீன் வேலையும் செய்த ஊர்.

கிரீட் என்பதைத் தனியாகச் சொல்ல வேண்டும். இரவு ஷிப்டு முடிந்து ஹேண்ட்ஓவரில் "ஷீஸ் பீன் கிரீட்டின் ஆ நிஹ்ட்" என்று சொன்னார்கள் என்று வையுங்கள். வணக்கம் சொல்லிக்கொண்டிருந்தார் என்று தோன்றும். இராத்திரி முழுக்க அழுதுகொண்டிருந்தார் என்பதுதான் பொருள்.

இதைவிட ஆபத்தான சொல் ஒன்று உண்டு, அது பார்க்க அப்பாவி இங்கிலீஷ் சொல்: டவுட். டோரிக்கில் டூட். ஸ்காட்லாந்தில் "ஐ டவுட் இட்ஸ் புரோக்கன்" என்றால் முறிந்திருக்காது என்று பொருள் இல்லை. முறிந்துவிட்டது என்றுதான் நினைக்கிறேன், நல்லதாகத் தெரியவில்லை என்று பொருள். நாம் புத்தகத்தில் படித்ததற்கு நேர் எதிர். கழிவறையில் வழுக்கி விழுந்த ஒரு பெரியவர் தரையில் உட்கார்ந்தபடி, நிதானமான குரலில், "அ டூட் மா குவீட்ஸ் புரூக்கன்" என்றார். பக்கத்தில் இருந்த புதுப் பெண் அதைச் சந்தேகம் என்று கேட்டுக்கொண்டு, "குட், குட்" என்று சொல்லி அவரை எழுப்பி நிறுத்தக் கை கொடுத்தாள். அதே ஊர்க்காரியான ஹெல்த்கேர் அசிஸ்டன்ட் "நா, நா, லீவ் ஹிம்!" என்று சத்தம் போட்டதால் நின்றது. எக்ஸ்ரேயில் கணுக்கால் முறிவு தெரிந்தது. படித்த, சுத்தமான இங்கிலீஷ் பேசுகிற ஸ்காட்லாந்துக்காரர்களும் டவுட்டை இந்தப் பொருளில் சொல்வார்கள். அவர்கள் பேச்சில் வேறு எந்த அடையாளமும் இருக்காது என்பதால் அங்கே இன்னும் கவனம் வேண்டும். வழி ஒன்றே: டவுட் காதில் விழுந்தால் உடனே "சோ யூ திங்க் இட் இஸ் புரோக்கன்?" என்று திருப்பிக் கேட்டு ஆம், இல்லை வாங்கிவிடுங்கள். ஆம் என்பது இங்கே "ஐ" என்று வரும், நான் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.

வலியின் அளவைக் கேட்பது

இந்தப் பக்கத்துப் பெரியவர்கள் வலியைக் குறைத்துச் சொல்கிறவர்கள். ஃபிட் லைக் என்று கேட்டால் "நே பேட்" என்பார்கள். நன்றாக இருக்கிறவரும் நே பேட், இடுப்பு எலும்பு முறிந்தவரும் நே பேட். அதை வைத்து எதையும் முடிவு செய்யாதீர்கள். போதாததற்கு டோரிக்கில் எதற்கும் 'இ' விகுதி சேர்த்துச் சின்னதாக்குவார்கள்: மேன், வைஃப், போட், பிட் என்பவை மேனி, வைஃபி, போட்டி, பிட்டி ஆகும். சப்பி வாட்டர் என்றால் கொஞ்சம் தண்ணீர். "எ பிட்டி சேர்" என்றால் வலி கொஞ்சம் என்று எழுதிவிட்டுப் போகக்கூடாது. அந்த இ பேச்சின் பழக்கம், வலியின் அளவு இல்லை. அதற்கு எதிராக, அஃபா, ஃபேர், கை ஆகிய மூன்றும் மிக என்று பொருள்படும். கை சேர், அஃபா சேர் என்ற சொல் இந்த மனிதர்கள் வாயிலிருந்து வந்தால் மருத்துவரைக் கூப்பிடும் அளவு வலி என்றே நான் எடுத்துக்கொள்வேன். அஃபா என்பது இங்கிலீஷின் ஆஃபுல்தான், ஆனால் நல்லதற்கும் வரும். "அஃபா ஃபைன்" என்றால் ரொம்ப நன்றாயிருக்கிறது.

எண் கேட்பதைவிட, செய்ய முடிகிறதா என்று கேட்பது இங்கே நல்ல பதில் தரும். திரும்பிப் படுக்க முடிகிறதா, இரவு தூங்கினீர்களா, டீ குடித்தீர்களா. முகத்தைப் பாருங்கள், கை எங்கே போகிறது என்று பாருங்கள். "ஃபார் இஸ்'ட் சேர்?" என்று எங்கே வலி என்பதை அவர் மொழியில் கேட்டால் பெரும்பாலும் விரலால் தொட்டுக் காட்டுவார்.

நேரமும் சாப்பாடும்

மாத்திரை கொடுக்கும் வேலையில் இது முக்கியம். எங்கள் நோயாளிகளில் பெரும்பாலோருக்கு டின்னர் என்றால் மத்தியானச் சாப்பாடு, டீ என்றால் மாலை ஐந்து, ஐந்தரைக்குச் சாப்பிடும் சாப்பாடு. டீ குடிப்பதற்கும் அதே சொல். மருத்துவர், வக்கீல் வீட்டில் மத்தியானம் லஞ்ச், இரவு டின்னர். ஊரை விட வர்க்கத்தைக் காட்டும் வித்தியாசம் இது, வட இங்கிலாந்திலும் அப்படித்தான். ஆகவே வீட்டுக்கு அனுப்பும்போது "டேக் இட் வித் டின்னர்" என்று சொல்லிவிடாதீர்கள். மணியைச் சொல்லுங்கள்.

மணியிலும் ஒன்று உண்டு. "த பேக் ஆஃப் நைன்" என்றால் ஒன்பது தாண்டிய சிறிது நேரம், ஒன்பதுக்கு முன் இல்லை. ஹாஃப் சிக்ஸ் ஆறரை. த டே இன்று, த மோர்ன் நாளை, த மோர்ன்ஸ் மோர்ன் நாளைக் காலை, த ஸ்ட்ரீன் நேற்று இரவு. மோர்ன் என்பதைக் காலை என்று நினைத்து நாளை என்பதை விட்டுவிட்டால் ஒரு நாள் தவறிப் போகும்.

யார்க்‌ஷயருக்கு வேலை கிடைத்துப் போகிறவர்களுக்கு ஒரே ஒரு எச்சரிக்கை: அங்கே வைல் என்றால் வரை. "நைன் வைல் ஃபைவ்" ஒன்பதிலிருந்து ஐந்து வரை. "டோன்ட் ஈட் வைல் சிக்ஸ்" என்றால் ஆறு மணி வரை சாப்பிடாதே.

யார் யாரிடம் எப்படி

ஒரே வார்டில் கன்சல்டன்ட் ஒரு மாதிரி, போர்ட்டர் ஒரு மாதிரி, சிஸ்டர் காலையில் ஒரு மாதிரி மத்தியானம் ஒரு மாதிரி பேசுவதைக் கேட்பீர்கள். இதைப் புரிந்துகொள்ள எனக்கு உதவியது எடின்பரோவில் ஸ்காட்ஸ் அகராதிப் பணி செய்த ஏ. ஜே. எய்ட்கன் போட்ட அட்டவணையின் ஐந்து பத்திகள், இடமிருந்து வலமாக. முதல் பத்தியில் பேர்ன், கிர்க் போன்ற தனி ஸ்காட்ஸ் சொற்கள். இரண்டாவதில் ஹேம், மேர், ஹூஸ் போல ஒலி மாறியவை. நடுப் பத்தியில் இரண்டு மொழிக்கும் பொதுவான சொற்கள். நான்காவதில் ஹோம், மோர், ஹவுஸ். ஐந்தாவதில் சைல்ட், சர்ச். ஆள் ஒருவரே, எதிரே நிற்பவரைப் பொறுத்து இடமும் வலமும் நகர்வார். சிஸ்டர் கன்சல்டன்டிடம் நான்கிலும் ஐந்திலும் நிற்பார், படுக்கை ஓரம் வந்ததும் ஒன்றுக்கும் இரண்டுக்கும் வந்துவிடுவார். நீங்கள் ஒரு நாள் இந்த ஐந்து பத்தியைத் தாளில் போட்டு, காதில் விழும் சொற்களை அதனதன் இடத்தில் எழுதிப் பாருங்கள். எந்த நோயாளி யாரிடம் எங்கே நிற்கிறார் என்று தெரிய ஆரம்பிக்கும்.

கவனிக்க வேண்டியது, நோயாளி உங்களைப் பார்த்ததும் வலப்பக்கம் நகர்கிறாரா என்பது. வெளிநாட்டு நர்ஸ் என்பதால் நகர்வார், மருத்துவர் என்பதாலும் நகர்வார். இப்படி மேட்டிமையாக மாற்றிப் பேசுவதற்கு ஸ்காட்லாந்தில் பான் லோஃப் என்று பெயர். பழைய காலத்தில் பான் லோஃப் என்ற ரொட்டி சாதா ரொட்டியைவிட விலை கூடியது. நகர்ந்து பேசும்போது அவர்கள் சுருக்கிவிடுகிறார்கள், அதுதான் பிரச்சினை. டோரிக்கில் வலியைப் பற்றி நான்கு வாக்கியம் சொல்கிறவர், மருத்துவரிடம் "நாட் டூ பேட், தேங்க் யூ டாக்டர்" என்று முடித்துக்கொள்வார்.

இன்று எண்பதைத் தாண்டியவர்கள் பள்ளிக்கூடத்துக்குப் போன காலத்தை யோசியுங்கள். ஸ்காட்லாந்தின் கல்வி ஆலோசனைக் குழு 1946-ல் வெளியிட்ட அறிக்கையே, இது படித்தவர்களின் மொழி அல்ல, பள்ளிப் பாடத்துக்குத் தகுந்ததும் அல்ல என்று எழுதியது. வீட்டில் பேசிய சொல் வகுப்பில் வாயில் வந்தால் தோல் வாரால் உள்ளங்கையில் அடி வாங்கியவர்கள் எங்கள் வார்டில் இருக்கிறார்கள். அவர்கள்தான் "சாரி, ஐ'ல் ஸ்பீக் ப்ராப்பர்" என்று நம்மிடம் மன்னிப்புக் கேட்கிறார்கள். உடம்பு முடியாமல் படுத்திருக்கும்போது மன்னிப்புக் கேட்கிறார்கள் என்பது எனக்குத் தாங்காது. தண்ணீரை வெள்ளம் என்று சொல்லி வளர்ந்த குமரி மாவட்டத்துக்காரி நான், சென்னையில் படித்தபோது அதற்காக வாயை மூடிக்கொண்டிருந்த காலம் எனக்கும் உண்டு. ஆகவே முதல் நாளே சொல்லிவிடுகிறேன்: "ஜஸ்ட் ஸ்பிக் த வை யே ஸ்பிக்." உங்கள் பேச்சிலேயே பேசுங்கள், எனக்குப் புரியாவிட்டால் நான் கேட்டுக்கொள்கிறேன். தோள் இறங்கி, பெருமூச்சு விட்டு, பேச ஆரம்பிப்பார்கள்.

மறதி நோய் முற்றியவர்களிடம் இது இன்னும் அவசியம். அவர்களால் வலப்பக்கம் நகர முடியாது. நகரத் தெரிந்த ஞாபகமே போயிருக்கும். "ஃபான் அம் அ காண் ஹேம்?" என்று திரும்பத் திரும்பக் கேட்பவரிடம் 'வென்', 'ஹோம்' என்று திருத்திப் பேசினால் குழப்பம் கூடும். "சூன், மை டியர்" என்று கையைப் பிடித்துக்கொண்டு அவர் கேட்டதற்குப் பதில் சொல்லுங்கள்.

நம்மை அவர்கள் அழைப்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். இங்கே பெண் பிள்ளை குவைன், ஆண் பிள்ளை லூன். "யே'ர் எ குவீட் குவைன்" என்று ஒரு கிழவி சொல்லிவிட்டால், நல்ல பெண் என்று பொருள். இந்தக் குவீட், குட் என்பதன் டோரிக் வடிவம், கணுக்கால் இல்லை. கிளாஸ்கோவில் ஹென் என்பார்கள். கோழி என்று கோபித்துக்கொள்ள ஒன்றுமில்லை, அன்பான விளி. குழந்தைக்கு இங்கே பேர்ன், கிளாஸ்கோவில் வேன். அங்கே ஹவ் என்றால் ஏன். இப்போது சாப்பிடக்கூடாது என்று சொன்னால் "ஹவ்?" என்று வரும், காரணம் கேட்கிறார். கிளாஸ்கோ இளைஞர்கள் சிலர் திங்க் என்பதை ஃபிங்க் என்பார்கள். ஜேன் ஸ்டூவர்ட்-ஸ்மித் என்ற ஆய்வாளர் இதை ஆராய்ந்து, லண்டன் தொலைக்காட்சித் தொடருக்கும் இதில் ஒரு பங்கு உண்டு என்று காட்டியிருக்கிறார். ஷெட்லாந்துக்குப் போகிறவர்களுக்கு 'தட்' என்பது டட் ஆகும், சின்னது என்பது பீரி ஆகும். அது தனிப் படிப்பு, அங்கே போய்ப் படித்துக்கொள்ளலாம்.

பைடி-இன் என்ற சொல் படிவத்தில் வரும். கல்யாணம் ஆகாமல் சேர்ந்து வாழும் துணை. நெருங்கிய உறவு யார் என்று கேட்கும்போது "மா பைடி-இன்" என்று சொன்னால் வீட்டில் தங்கியிருக்கும் வாடகைக்காரர் என்று எழுதிவிடாதீர்கள். எங்கே வசிக்கிறீர்கள் என்பதை "வேர் டூ யூ ஸ்டே?" என்றே கேட்பார்கள். இது நம் ஊர் இங்கிலீஷிலும் அப்படித்தான், இந்த ஒரு கேள்வியில் நாம் லண்டன்காரரைவிட முந்திவிடுவோம்.

நாம் டோரிக் பேசலாமா என்று கேட்பார்கள். சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள், ராகத்தைப் போலி செய்யாதீர்கள். ஐ, வீ (சின்னது), ஃபிட் லைக், ஃபார் இஸ்'ட் சேர், இவை போதும். உங்கள் சொந்த உச்சரிப்பில் சொன்னால் மரியாதையாகக் கேட்கும், அவர்கள் இழுவையில் சொன்னால் கேலிபோலக் கேட்கும்.

வருவதற்கு முன் பயிற்சி

விசாவுக்குக் காத்திருக்கும் வாரங்களை இதற்குப் பயன்படுத்துங்கள். பரீட்சைக்குக் கேட்ட ஒலிப்பதிவுகளை மூடி வையுங்கள். டோபார் அன் டுவல்ஹைஸ் என்ற இணையத் தொகுப்பில் ஸ்காட்லாந்தின் கிராமத்து மனிதர்கள் கதையும் அனுபவமும் சொல்லும் பழைய ஒலிப்பதிவுகள் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன, காசு இல்லை. கேலிக்கும் உண்டு, ஸ்காட்ஸ் என்று தேர்ந்தெடுத்து, அபர்டீன்ஷயர், பான்ஃப்ஷயர் பதிவுகளைக் கேளுங்கள். உங்கள் நோயாளிகளின் தகப்பன் தாய் குரல்கள் அவை. எழுத்தோடு சேர்த்துக் கேட்க வேண்டுமென்றால் கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தின் ஸ்காட்ஸ் கார்ப்பஸ் இருக்கிறது. அதே பல்கலைக்கழகத்தின் ஸ்காட்ஸ் சின்டாக்ஸ் அட்லஸில் வரைபடத்தில் ஊரைத் தொட்டால் அந்த ஊர்க்காரர் குரலே கேட்கும். உங்கள் ஆஸ்பத்திரி இருக்கும் ஊரைத் தேடுங்கள். பீட்டர்ஹெட், பக்கி மாதிரி மீன்பிடி ஊர்ப் பேச்சும், ஹன்ட்லி, டர்ரிஃப் மாதிரி விவசாய ஊர்ப் பேச்சும் ஒன்றில்லை.

ஒரு நிமிடப் பதிவை எடுத்துக்கொள்ளுங்கள். முதலில் எழுத்தைப் பார்க்காமல் கேட்டு, காதில் விழுந்த ஒலியைத் தமிழ் எழுத்தில் எழுதுங்கள். ஹூஸ், நிஹ்ட், ஃபார் என்று தமிழில் எழுதும்போது உயிரொலி சரியாக விழுகிறது. இங்கிலீஷில் எழுதினால் பழைய ஸ்பெல்லிங் குறுக்கே வந்து காதை ஏமாற்றும். பிறகு எழுத்தைப் பார்த்துச் சரிபாருங்கள், மேலே சொன்ன விதியில் எது வேலை செய்கிறது என்று பாருங்கள். நேரம் இருக்கும்போது திறந்த பல்கலைக்கழகம் இலவசமாக நடத்தும் ஸ்காட்ஸ் இணையப் பாடத்தையும் பார்க்கலாம். சொல்லின் பொருளுக்கு டிக்‌ஷனரீஸ் ஆஃப் த ஸ்காட்ஸ் லாங்குவேஜ் என்ற இணைய அகராதி. 1931-க்கும் 1976-க்கும் இடையில் பத்துத் தொகுதியாக வந்த அகராதி முழுவதும் அதில் இருக்கிறது, ஒரு சொல் எந்த ஜில்லாவில் எப்படி வழங்குகிறது என்று சான்றோடு காட்டும். ஸ்காட்ஸுக்கு ஒரே எழுத்து முறை கிடையாது. ஆகவே தேடிக் கிடைக்காவிட்டால் உயிரெழுத்தை மாற்றி மாற்றித் தேடுங்கள்.

வேலையில் சேர்ந்த பிறகு உங்களுக்கு நல்ல வாத்தியார்கள் ஹெல்த்கேர் அசிஸ்டன்டுகளும் துப்புரவுப் பணியாளர்களும்தான். அதே ஊரில் பிறந்தவர்கள், எந்தச் சொல் எந்தக் கிராமத்துச் சொல் என்பதுவரை சொல்வார்கள். டீ நேரத்தில் கேளுங்கள், சந்தோஷமாகச் சொல்லித் தருவார்கள்.

கேஸ் ஷீட்டில் எழுதும்போது நோயாளி சொன்ன சொல்லை அப்படியே மேற்கோளில் எழுதி, பக்கத்தில் சாதாரண இங்கிலீஷில் பொருளையும், அதை அவரிடமே கேட்டு உறுதி செய்தீர்கள் என்பதையும் எழுதுங்கள். "பெஹின்" என்று அவர் சொன்னது, மூச்சுத் திணறல், படியேறும்போது, நேற்று இரவிலிருந்து. அடுத்த ஷிப்டில் வருகிறவர் நாகர்கோவில்காரியாக இருந்தாலும் லண்டன்காரராக இருந்தாலும் அந்த ஒரு வரியில் இரண்டுமே கிடைக்கும்.